நாயோடு ஓர் எடை, தனியாக ஓர் எடை

சாமி,

உன் கடிதம் செவ்வாய்க்கிழமை வந்தது. இன்று சனிக்கிழமை. இந்த நான்கு நாளும் நான் பதில் எழுதிக்கொண்டேதான் இருக்கிறேன். எழுதுவதும் கிழிப்பதுமாக உன் பழைய பள்ளிக்கூட நோட்டில் பாதி தீர்ந்துவிட்டது. நீ எழுதியிருந்தது மொத்தம் பதினோரு வரி. இரண்டு வரி நீங்கள் ஆழ்துளைக் கிணற்றுக்குப் போர் போடுகிற ஊரைப் பற்றி, ஒரு வரி அங்கத்து வெயிலைப் பற்றி, ஒரு வரி ‘நான் நலம், சாப்பாட்டுக்குக் குறைவில்லை’. மிச்சம் ஏழு வரியும் நாயைப் பற்றி. துளை போடுகிற ரிக் வண்டியோடு ஒரு நாய் ஒட்டிக்கொண்டது, முகாம் எங்கே மாறினாலும் லாரியில் தொற்றி ஏறிக்கொள்கிறது, சமையல்காரர் ஆள் கணக்குப் பார்த்து அளந்துதான் பொங்குகிறார், ஆகையால் ஒரு நாளைக்கு அதற்கு எவ்வளவு போட வேண்டும் என்று சரியான அளவை எழுதுங்கள் என்று கேட்டிருந்தாய். நாய்க்கு எவ்வளவு போடுவது என்று கேட்க உனக்கு உலகத்தில் என்னை விட்டால் ஆளில்லையா என்று முதலில் சிரிப்புத்தான் வந்தது. கொஞ்ச நேரம் கழித்துக் கடிதத்தை மறுபடி முதல் வரியிலிருந்து படித்தேன்.

உன் அம்மாவுக்கு என்மேல் கோபம். “ரெண்டு டம்ளர் அரிசின்னு ஒரு கார்டுல எழுதிப் போட்டா ஆச்சு. அதுக்குப் போயி நாலு நாளா நோட்டக் கிழிச்சுட்டு இருக்கறீங்களே” என்றாள். முட்டைகளைத் துடைத்துத் தட்டில் அடுக்கிக்கொண்டே சொன்னாள். இரண்டு தட்டு நிரம்பியது. அப்புறம் கையில் இருந்த முட்டையை அடுக்காமல் வைத்துக்கொண்டு, “ஏனுங்க, நாய்க்கு எவ்வளவு போடோணும்னு கேட்டுருக்கறான். அவனுக்கு எவ்வளவு போடறாங்கன்னு எழுதலீங்களே” என்றாள். எழுதியிருக்கிறானே, குறைவில்லை என்று எழுதியிருக்கிறானே என்று சொல்லி அவள் வாயை அடைத்துவிட்டேன். என் வாயை அடைக்கத்தான் ஆளில்லை.

அதற்குக் காரணம் இருக்கிறது. போன வாரம் உங்கள் வண்டி டிரைவர் செல்வம் தங்கை கல்யாணத்துக்காக ஊருக்கு வந்தவன், நீ கொடுத்தனுப்பிய போர்வையைக் கொண்டுவந்து கொடுத்தான். பண்ணை வாசலிலேயே நிறுத்தி, பையன் எப்படி இருக்கிறான் என்று கேட்டேன். “நல்லாத்தான் இருக்காப்லைங்க. கொஞ்சம் எளைச்சாப்ல தெரியுது, அவ்வளவுதானுங்க. வெயிலு அங்க நெம்பச் சாஸ்தி” என்றான். சரி, வெயில்தான் என்று மனதைத் தேற்றிக்கொண்டேன். டீ குடித்துவிட்டு சைக்கிளில் ஏறியவன் காலை ஊன்றி நின்று, சிரித்துக்கொண்டே சொன்னான்: “உங்க பையன் வளக்கறாப்லையே, அந்த நாயி மட்டும் நல்லா கொழுத்துருச்சுங்க.” நானும் அவனோடு சேர்ந்து சிரித்தேன். அவன் சைக்கிள் மோகனூர் ரோட்டில் திரும்பி மறைகிற வரைக்கும் சிரித்த முகமாகத்தான் நின்றேன். பையன் இளைக்கிறான், நாய் கொழுக்கிறது. பையனையும் நாயையும் ஒரே ஆள் ஒரே வாயால் இப்படிச் சேர்த்துச் சொல்லி நான் இதற்கு முன்னும் ஒரு தடவை கேட்டிருக்கிறேன், சாமி. உனக்கு எவ்வளவு ஞாபகம் இருக்கிறதோ தெரியாது. உன் அப்பன் முழுக்கச் சொல்லி நீ கேட்டதில்லை. அதனால் இந்தக் கடிதம் நீளும். வேலை முடிந்து கைகால் கழுவி, சாப்பிட்டுவிட்டு உட்கார்ந்து படி. சாப்பிடாமல் படிக்காதே.

நீ ஐந்தாம் வகுப்புப் படித்தபோது நாம் ஐந்நூறு கோழியோடு பண்ணையை ஆரம்பித்தோம். அப்போது எனக்குக் கோழியைப் பற்றித் தெரிந்தது குழம்பு வைக்கிற அளவுக்குத்தான். நாமக்கல்லில் மூன்று நாள் பயிற்சி என்றார்கள், போனேன். அங்கே அவர்கள் சொன்னதெல்லாம் எனக்கு வேதமாகிவிட்டது. நூறு கோழிக்கு ஒரு நாளைக்குப் பதினோரு கிலோ தீவனம், அதில் மக்காச்சோளம் இவ்வளவு, கடலைப் புண்ணாக்கு இவ்வளவு, தவிடு இவ்வளவு, கருவாட்டுத் தூள் இவ்வளவு. கையளவாக அள்ளிப் போட்டே பழகிய குடும்பத்தில் பிறந்தவன் நான். எடை போட்டுப் பார்க்கிற வேலை எனக்குப் புதிதாகக் கிடைத்த பொம்மை மாதிரி ஆகிவிட்டது. மூட்டை நிறுக்க வாங்கிய மேடைத் தராசை நாளுக்கு நாலு தடவை துடைப்பேன். உன் அம்மா சமைக்கிற புளியைக்கூட அதில் வைத்துப் பார்த்து முள் அசையவில்லை என்று வருத்தப்பட்டவன் நான்.

அந்த நேரத்தில்தான் காட்டுப்பூனைத் தொல்லைக்காக நம் நாய் செவலையை வாங்கி வந்தேன். உனக்கு அதைப் பார்த்ததும் தலைகால் புரியவில்லை. செம்மண் நிறத்தில், ஒரு காது மடங்கி, பதினைந்து கிலோ இருந்தது. ஊரில் நாய்க்கு யாரும் அளந்து போடுவதில்லை. மிஞ்சினது அதற்கு, மிஞ்சாவிட்டால் அதன் பாடு. நான் அப்படி விடுவேனா? பென்சிலை எடுத்துக் கணக்குப் போட்டேன். ஒன்றரைக் கிலோ கோழி நூற்றுப்பத்து கிராம் தின்கிறது. செவலை அதைப்போலப் பத்து மடங்கு. ஆகவே ஆயிரத்து நூறு கிராம். முடிந்தது கணக்கு. கோழி தினம் ஒரு முட்டை போடுகிற உயிர், நாய் சும்மா கிடக்கிற உயிர் என்று எனக்குத் தோன்றவே இல்லை. ஒரு கிலோவுக்கு மேல் கம்பு, பச்சையாக நிறுத்துக் கொடுத்து, தினமும் பொங்கிப் போடச் சொன்னேன். “நம்ம மூணு பேரு திங்கறதவிட இது சாஸ்தியா இருக்குதுங்களே” என்று உன் அம்மா கேட்டாள். விஞ்ஞானம் உனக்குத் தெரியாது என்றேன்.

மூன்று மாதத்தில் செவலை இருபத்தொரு கிலோ ஆயிற்று. நடந்தால் வயிறு இரண்டு பக்கமும் ஆடும். ஒரு நாள் விடிந்து போய்ப் பார்த்தால் கொட்டகைக்குள் பன்னிரண்டு கோழி செத்துக் கிடக்கிறது. கம்பி வலையைப் பிரித்துக்கொண்டு காட்டுப்பூனை வந்து போயிருக்கிறது. நம் காவல்காரர் தீவன மூட்டைமேல் நாலு காலையும் நீட்டிப் படுத்துக் குறட்டை விட்டுக்கொண்டிருக்கிறார். எனக்கு வந்த ஆத்திரம் கொஞ்சநஞ்சமில்லை. வயிறு நிறைந்ததால்தான் தூங்கியது, ஆகவே வயிற்றைக் குறைக்க வேண்டும் என்று அன்றைக்கே முடிவு கட்டினேன். அதற்கும் பயிற்சியில் படித்தது கையில் இருந்தது. முட்டைக்கு வருவதற்கு முன்னால், வளர்கிற கோழிக்குத் தீவனத்தை இறுக்கிப் பிடிக்க வேண்டும், கொழுத்தால் முட்டை குறையும் என்று சொல்லியிருந்தார்கள். கோழிக்குச் சரியென்றால் நாய்க்கும் சரிதான். பொங்கிய சோறாகவே நிறுத்து முதலில் அரைக் கிலோ, பதினைந்து நாள் கழித்துக் கால் கிலோ. ஞாயிற்றுக்கிழமை முழுப் பட்டினி. நீ என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாய். நான் உன் முகத்தைப் பார்க்கவில்லை.

கணக்கு என்றால் சோதனை வேண்டுமே. ஞாயிற்றுக்கிழமை தவறாமல் காலையில் செவலைக்கு எடை. அது என்னை அண்டவிடாது. தராசு மேடையைக் கண்டாலே பின்வாங்கும். நீ போய் மேடையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தால் மட்டும் பேசாமல் வந்து உன் மடியில் ஏறிக்கொள்ளும். ஆகவே அதற்கு ஒரு வழி செய்தேன். முதலில் நீயும் நாயுமாக ஓர் எடை. பிறகு நாயை இறக்கிவிட்டு நீ மட்டும் ஓர் எடை. முதலில் இருந்து இரண்டாவதைக் கழித்தால் நாய். நோட்டில் மூன்று கட்டம் போட்டு, வாரத்துக்கு ஒரு வரி எழுதுவேன். எழுதி முடித்ததும் மூன்றாவது கட்டத்தின் கீழ் ஒரு கோடு இழுப்பேன். அந்த மூன்றாவது கட்டம் எனக்குத் தந்த சந்தோஷத்தைச் சொல்லி முடியாது. இருபத்தொன்றில் இருந்து இறங்கி இறங்கிப் பதினேழுக்கு வந்தது, அங்கேயே நின்றுவிட்டது. கால் கிலோதான் போடுகிறேன், நாய் பதினேழு கிலோவில் கல் மாதிரி நிற்கிறது. ஓடுகிறது, குரைக்கிறது, காட்டுப்பூனையை ஒரு நாள் வேலி வரைக்கும் துரத்திப் போனது. டீக்கடையில் உட்கார்ந்து நான் இதைச் சொல்லாத ஆள் பாக்கியில்லை. பக்கத்துப் பண்ணைப் பொன்னுசாமி மாமா நம்பிவிட்டார். தன் நாய்க்கும் கால் கிலோ ஆரம்பித்தார்.

அந்த மாதங்களில்தான் உன் அம்மா உன்னைப் பற்றி அரற்ற ஆரம்பித்தாள். பையன் முகம் வாடியிருக்கிறது, கழுத்தெலும்பு தெரிகிறது என்பாள். பூச்சி மருந்து கொடுத்தாள். கோயிலில் மந்திரித்துக் கயிறு கட்டினாள். வளர்கிற பையன் நெடுநெடுவென்று போகும்போது இளைத்தாற்போலத்தான் தெரியும் என்று நான் சொன்னேன். ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் உன் எடையை என் கையால் எழுதிக்கொண்டே அப்படிச் சொன்னேன். அதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு எங்கேயாவது எழுந்து போய்விட வேண்டும்போல் இருக்கிறது.

ஒரு ஞாயிறு காலை பொன்னுசாமி மாமா தன் நாயைக் கயிற்றில் கட்டி இழுத்துக்கொண்டே வந்துவிட்டார். கொண்டுவந்து செவலைக்குப் பக்கத்தில் நிறுத்தினார். “பாருங்க மச்சான். உங்க கணக்க நம்பித்தான் போட்டனுங்க. எலும்பும் தோலுமா ஆயிருச்சுங்க. நேத்துத் தீவன மூட்டையவே கடிச்சுக் கிழிச்சுப்போட்டுது” என்றார். நிஜமாகவே அந்த நாயைப் பார்க்க முடியவில்லை. நீங்கள் சரியாக நிறுத்திருக்க மாட்டீர்கள் என்று சொன்னேன். அவருக்குக் கோபம் வந்துவிட்டது. எனக்கும்தான். உள்ளே போய் நோட்டை எடுத்துவந்து அவர் முன்னால் விரித்து, மூன்றாவது கட்டத்தில் விரலை வைத்து மேலிருந்து கீழே இழுத்துக் காட்டினேன். அவர் என் விரலைப் பார்க்கவில்லை. “இந்த நடுக்கட்டம் என்னங்க?” என்றார்.

“அது பையன் எடைங்க. கழிக்கறதுக்காக எழுதறது” என்றேன்.

அவர் குனிந்து கொஞ்ச நேரம் பார்த்தார். குரல் இறங்கிப்போயிற்று. “நாயி நின்னு போச்சுங்க மச்சான். பையன்தான் எறங்கீட்டே வர்றான்” என்றார்.

இருபத்தொன்பதில் ஆரம்பித்த நடுக்கட்டம் இருபத்தைந்தரையில் வந்து நின்றது. நாலு மாதம். பதினோரு வயதுப் பையன். எல்லா எண்ணும் என் கையெழுத்து. அவர் கயிற்றைக் கையில் சுற்றிக்கொண்டார். நாயை இழுத்துக்கொண்டு போய்விட்டார். நான் நோட்டை மூடாமல் உட்கார்ந்திருந்தேன்.

மறுநாள் காலை நீ சோற்றுப் போசியைத் தூக்கிக்கொண்டு பள்ளிக்கூடம் கிளம்பியதும் சோளக்காட்டு ஓரமாக நானும் பின்னாலேயே வந்தேன். கிணற்று மேட்டுக்கு அந்தப் பக்கம், பூவரச மரத்தடியில் செவலை முன்பே வந்து உட்கார்ந்திருந்தது. நீ பெரிய இலை இரண்டைப் பறித்துக் கீழே பரப்பினாய். போசியைத் திறந்தாய். விரலால் சோற்றின் நடுவில் ஒரு கோடு கிழித்தாய். கோட்டுக்கு அந்தப் பக்கம் இருந்ததை இலையில் சரித்தாய். கொஞ்சம் கூடிவிட்டதா குறைந்துவிட்டதா என்று எட்டிப் பார்த்து, உன் பக்கத்திலிருந்து இன்னும் ஒரு கை எடுத்து வைத்தாய். அந்தக் கோட்டைப் பார்த்ததும், என் மகன்தான், அளக்காமல் எதையும் செய்ய மாட்டான் என்று தோன்றியது. உன் முன்னால் வர எனக்கு முகமில்லை. காட்டு வழியாகவே திரும்பி வந்துவிட்டேன்.

சாயங்காலம் உன்னைக் கூப்பிட்டுக் கேட்டேன். அடிப்பேன் என்று பயந்து சுவரோரம் நின்றாய். “ஏஞ்சாமி, எங்கிட்டச் சொல்லல?” என்றேன்.

“சொன்னனுங்கப்பா. அதுக்குப் பத்தலீங்கப்பான்னு ரெண்டு தடவ சொன்னனுங்க. கணக்கு சரியாத்தான் இருக்குதுன்னு சொன்னீங்க” என்றாய்.

குற்றம் சொல்கிற குரலில்கூட நீ சொல்லவில்லை. கேட்டதற்குப் பதில் சொன்னாய், அவ்வளவுதான். நீ சொன்னது இரண்டும் எனக்கு அப்போதே ஞாபகம் வந்தது. ஒரு தடவை தீவனம் கலந்துகொண்டிருந்தேன், ஒரு தடவை சவரம் செய்துகொண்டிருந்தேன். அன்றைக்கு உன்னிடம் என்ன சொல்லியிருக்க வேண்டும் என்று எனக்குத் தெரியும். சொல்லவில்லை. அம்மாவிடம் போய்ச் சாப்பிடு என்று மட்டும் சொல்லிவிட்டுக் கொட்டகைக்குப் போய்விட்டேன். எங்கள் காலத்து அப்பன்மாருக்கு மகனிடம் தப்பு என்று சொல்ல வாய் வராது. இப்போதும் நேரில் வராது. காகிதத்தில் சொல்கிறேன். தப்பு என்னுடையது, சாமி. நாயைப் பட்டினி போட்டது ஒரு தப்பு. அந்தப் பட்டினியை நீ சுமந்ததை வாராவாரம் எழுதிவைத்துக்கொண்டு பார்க்காமல் இருந்தது அதைவிடப் பெரிய தப்பு.

அந்த வாரமே செவலையை மாட்டாஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனேன். டாக்டர் என் கணக்கைக் கேட்டுவிட்டு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். கோழியை வைத்து நாயை அளந்த ஆளை இன்றைக்குத்தான் பார்க்கிறேன் என்றார். பிறகு அவர் சொல்லிக்கொடுத்ததைத்தான் உனக்கு எழுதுகிறேன். நீ கேட்ட கேள்விக்குப் பதில் இதுதான். பதினைந்து கிலோ இருக்கிற வளர்ந்த நாய்க்கு ஒரு நாளைக்கு இரண்டு டம்ளர் அரிசியோ கம்போ போதும், பொங்கி, காலையில் ஒரு பங்கு, பொழுது சாய ஒரு பங்கு. கொஞ்சம் மோரோ பருப்போ, கிடைத்தால் ஒரு முட்டையோ சேர்க்கலாம். இருபது கிலோ என்றால் இன்னும் அரை டம்ளர் கூட்டு. குட்டியாக இருந்தால் கொஞ்சம் கொஞ்சமாக நாலு வேளை. சினையாகவோ பால் கொடுப்பதாகவோ இருந்தால் கணக்கே வேறு, கேட்கக் கேட்கப் போட வேண்டியதுதான். நீ அது ஆணா பெண்ணா என்றுகூட எழுதவில்லை. காரக் குழம்பு ஊற்றாதே, வெந்த கோழி எலும்பைப் போடாதே, தொண்டையில் குத்திக்கொள்ளும். அங்கத்து வெயிலுக்குச் சோற்றைவிடத் தண்ணீர்தான் முக்கியம், போர் போட்டுத் தண்ணீர் எடுக்கிற உங்களுக்கு நான் அதைச் சொல்ல வேண்டியதில்லை.

ஆனால் டம்ளர் எல்லாம் ஆரம்பத்துக்குத்தான். பதினைந்து நாளைக்கு ஒரு தடவை அதன் விலாவில் கையை வைத்துத் தடவிப் பார். விலா எலும்பு கைக்குத் தட்டுப்பட வேண்டும், கண்ணுக்குத் தெரியக்கூடாது. கண்ணுக்குத் தெரிந்தால் ஒரு கை கூட்டு, கைக்கே தட்டுப்படாவிட்டால் ஒரு கை குறை. டாக்டர் இதைச் சொல்லும்போது செவலையின் விலாவில் என் கையைப் பிடித்து வைத்துக் காட்டினார். அத்தனை மாதத்தில் அன்றைக்குத்தான் நான் முதல் தடவையாக அதைத் தொட்டேன். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த ராத்திரி நீ தூங்கிய பிறகு உன் விலாவிலும் கை வைத்துப் பார்த்தேன். ஒவ்வொன்றாக எண்ண முடிந்தது.

இப்போது செல்வம் சொன்னதற்கு வருகிறேன். அந்த நாய் கொழுத்திருக்கிறது என்றால் அதற்குத் தேவைக்கு மேல் போகிறது என்றுதான் அர்த்தம். ரிக்கில் பன்னிரண்டு பேர் இருக்கிறீர்கள். ஒவ்வொருவரும் தாம் மட்டும்தான் போடுகிறோம் என்று நினைத்து ஒரு கை போட்டாலே அதற்கு வயிறு நிறைந்துவிடும். உன் பங்கு அதற்கு வேண்டியதே இல்லை. நீ போடுவது அதற்குக் கெடுதல் என்று சொன்னால்தான் நீ கேட்பாய் என்று எனக்குத் தெரியும், ஆகவே அப்படியே சொல்கிறேன்: கெடுதல். சமையல்காரரிடம் கூச்சப்படாமல் பேசு. நாய்க்கு வேண்டிய அரிசியை உலையில் போடும்போதே சேர்த்துப் போடச் சொல். உலையில் போடுவது முகாமின் சோறு, தட்டிலிருந்து எடுப்பது உன் சோறு. அவர் மாட்டேன் என்றால் முதலாளியிடம் நான் எழுதுகிறேன், வண்டிக்கு ஒரு காவல் நாய் வேண்டாமா என்று கேட்கிறேன். முதலில் நீ சாப்பிடு. கையைக் கழுவிய பிறகு அதற்கு வை. உன் கையில் எச்சில் இருக்கும்போது அது உன் முகத்தைப் பார்க்கும், நீ தோற்றுவிடுவாய். உன்னை எனக்குத் தெரியாதா?

நான் வீணாகப் பயப்படுகிறேனா? இருக்கலாம். நீ இப்போது பதினோரு வயதுப் பையன் இல்லை, ஆறு அங்குலக் குழாயைத் தோளில் தூக்குகிற ஆள். ஆனால் நாயின்மேல் பழியைப் போட்டுவிட்டு நிம்மதியாக இருக்கவும் முடியவில்லை. ஒருவேளை நாய் காரணமில்லையோ, தண்ணீர் ஒத்துக்கொள்ளவில்லையோ, காமாலையோ என்று ஒன்று போனால் ஒன்று வருகிறது. கண் மஞ்சளாக இருக்கிறதா என்று செல்வத்திடம் கேட்க மறந்துவிட்டேன். மறுநாள் சைக்கிளை எடுத்துக்கொண்டு அவன் ஊருக்கே போனேன், கல்யாண வீட்டில் பந்தல்கால் நட்டுக்கொண்டிருந்தவனைத் தனியாகக் கூப்பிட்டுக் கேட்டேன். “ஏனுங்க, கண்ணெல்லாம் நான் பாக்கலீங்களே” என்றான். எப்படிப் பார்ப்பான்? அவன் என்ன அப்பனா?

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், கோபிக்காதே. செவலை வயதாகிச் செத்துப் போன பிறகு உன்னை எடை பார்க்க எனக்குச் சாக்கு இல்லாமல் போயிற்று. வளர்ந்த பையனைத் தராசில் ஏறு என்றால் சிரிப்பாய். தை மாதம் நீ கிளம்புகிற அன்று காலை, தீவன மூட்டை ஒன்றைத் தூக்கிக்கொண்டு மேடையில் நிற்கச் சொன்னேனே, ஞாபகம் இருக்கிறதா? மூட்டையைச் சும்மா இறக்கிவைத்து நிறுக்கக் கூடாதா என்று நீ முணுமுணுத்தாய். பிறகு மூட்டையை மட்டும் வைத்து நிறுத்தேன். எனக்கு வேண்டியிருந்தது மூட்டையின் எடை இல்லை. கழித்துப் பார்த்தேன், ஐம்பத்தெட்டு. பழைய நோட்டில், செவலைக்குப் போட்ட அதே நடுக்கட்டத்தின் கீழே, எழுதி வைத்திருக்கிறேன். லாரி கிளம்பிப் போன பிறகு எழுதினேன். அதற்குக் கீழே வரி வெறுமையாக இருக்கிறது.

ஆகவே எனக்கு ஒரு காரியம் செய். டீசல் வாங்கவோ தபால் போடவோ டவுனுக்குப் போவாய் அல்லவா, அங்கே ரயில் ஸ்டேஷன் இருந்தால் எடை பார்க்கிற மிஷின் இருக்கும். சேலம் ஜங்ஷனில் உன்னை ஒரு தடவை ஏற்றிவிட்டேனே, சிவப்பு விளக்கு எரிந்து சக்கரம் சுற்றுமே, அதேதான். நாயையும் கூட்டிப்போ. முதலில் நாயைத் தூக்கிக்கொண்டு ஏறு, காசைப் போடு, சீட்டு விழும். பிறகு நாயை இறக்கிவிட்டுத் தனியாக ஏறு, இன்னொரு சீட்டு விழும். ஸ்டேஷன்காரர்கள் திட்டினால் ஊரிலிருந்து அப்பா கேட்டிருக்கிறார் என்று சொல், திட்டட்டும். சீட்டில் ராசிபலன் ஏதாவது அச்சடித்திருக்கும், அதை நம்பாதே. எடையை நீயாகக் கடிதத்தில் எழுத வேண்டாம். நீ எழுதினால் குறைவில்லை என்றுதான் எழுதுவாய். சீட்டுகளையே கவரில் வைத்து அனுப்பு. நாய்க்கு எவ்வளவு போட வேண்டும் என்பதை அவற்றை வைத்துக் கழித்துப் பார்த்துச் சரியாக எழுதுகிறேன்.

அம்மா பக்கத்தில் வந்து நிற்கிறாள். சாப்பிட்டானா என்று கேட்டு எழுதுங்கள் என்கிறாள். அதைக் கேட்கத்தான் இத்தனை பக்கம் எழுதினேன் என்று அவளிடம் சொல்லவில்லை. தபால் வந்து சேர எட்டு நாள் ஆகிறது, நீ டவுனுக்குப் போக எத்தனை நாளோ, திரும்பி வர எட்டு நாள். நான் நோட்டை மேசைமேல் திறந்தபடி வைத்திருக்கிறேன். இரண்டு சீட்டில் ஒன்று வழியில் தொலைந்துதான் ஆக வேண்டும் என்றால், சாமி, நாயோடு நின்ற சீட்டு தொலையட்டும்.

உன் அப்பா